படச்சுருளில் எழுதிய மெய்க்கீர்த்தி

  

கவிதைக்கும் உரைநடைக்குமென அமைந்த ஓர் அவையில், நூறாண்டுக்கு முற்பட்ட படச்சுருள்களைப் பற்றிய பேச்சுக்கு என்ன இடம் என்னும் வினா எழுவது இயல்பே. அரசன் படை சூழ எழுந்து வருவதைக் காண்பவர் கண்முன் நிறுத்துவது திரைப்படம் புதிதாய்க் கண்ட தொழில் அன்று. தமிழில் அதற்கு நெடிய மரபு உண்டு. முதலாம் இராசராசன் காலந்தொட்டுக் கல்வெட்டுகளின் முகப்பில் மெய்க்கீர்த்தி இடம்பெற்றது. ஒட்டக்கூத்தர் சோழர் மூவர்க்கு மூன்று உலாப் பாடினார். சயங்கொண்டார் கலிங்கப் போருக்குப் பரணி பாடினார். இவற்றைப் பயின்ற கண்ணோடு நோக்கினால், படப்பெட்டி பிறந்த சில மாதங்களிலேயே அரண்மனை வாயிலுக்கும் அணிவகுப்புத் திடலுக்கும் ஏன் போய்ச் சேர்ந்தது என்பது விளங்கும். அதனினும் முதன்மையாக, புலவர் கண்டதில் எதைப் படப்பெட்டி காணத் தவறியது என்பதும் விளங்கும். இவ்வுரையின் நோக்கம் பின்னதே.

1895 டிசம்பர் 28 அன்று லூமியேர் உடன்பிறப்புகள் பாரிசு நகரில் கட்டணம் பெற்றுத் திரைப்படம் காட்டிய நிகழ்ச்சியையே திரைப்பட வரலாற்றின் தொடக்கமாகப் பலரும் கொள்வர். அதற்கு அரையாண்டு முன்னரே, அதே ஆண்டு சூன் திங்களில், பிர்ட் ஏக்கர்ஸ் என்னும் ஒளிப்படக் கலைஞர் இங்கிலாந்திலிருந்து செருமனிக்குச் சென்றார். வடகடலையும் பால்டிக் கடலையும் இணைக்கும் கீல் கால்வாயின் திறப்பு விழாவை அவர் படமாக்கினார். பேரரசர் இரண்டாம் வில்லியம் தம் படையைப் பார்வையிட்ட காட்சியும் அப்பயணத்தில் பதிவாயிற்று. ஆலையை விட்டு வெளியேறும் தொழிலாளரைக் காட்டும் லூமியேர் படமும் அவ்வாண்டைச் சேர்ந்ததே. உழைப்பவர் கூட்டமும் படைவீரர் கூட்டமும் ஒரே ஆண்டில் படச்சுருளில் ஏறின என்பது நினைவிற் கொள்ளத்தக்கது. ஆயினும் அடுத்த இருபது ஆண்டுகளில் படப்பெட்டிக்காரர்கள் தொழிலாளரைத் தேடிச் சென்றதை விட அரசரைத் தேடிச் சென்றதே மிகுதி.

அதற்குக் காரணம் அரச பற்று மட்டும் அன்று. அக்காலப் படப்பெட்டி முக்காலி மீது நிறுத்தப்பட்டுக் கையால் சுழற்றப்பட்டது. சுருளின் நீளம் குறைவு. செயற்கை ஒளி இன்மையால் கதிரவனையே முழுதும் நம்ப வேண்டியிருந்தது. எங்கே, எப்போது, எது நிகழும் என்று முன்னரே அறிந்தாலன்றி எதையும் பிடிக்க இயலாது. சந்தையில் மூளும் கலகமோ ஆற்றில் வரும் வெள்ளமோ முன்னறிவிப்புச் செய்துவிட்டு வருவதில்லை. படை அணிவகுப்போ நாளும் நாழிகையும் வழியும் குறித்துக்கொண்டு வருகிறது. பகலொளியில் திறந்தவெளியில் நடக்கிறது. ஒரே இடத்தில் நிற்பவன் முன்னே வரிசை வரிசையாய்த் தானே கடந்து போகிறது. அசையாத கருவிக்கு அசையும் காட்சியை இதைவிட ஒழுங்காய் ஊட்டக்கூடிய நிகழ்ச்சி வேறில்லை. சடங்கு என்பதே கண்ணுக்காக வகுக்கப்பட்டது. படப்பெட்டி வருமுன்னரே அது படம்போல் அமைந்திருந்தது.

எனினும் ஒழுங்கு குலையும் கணங்களும் உண்டு. 1896 மே திங்களில் உருசியப் பேரரசர் இரண்டாம் நிக்கலாசின் முடிசூட்டு விழாவைப் படமாக்க லூமியேர் நிறுவனத்தார் மாசுகோ சென்றனர். சார்ல்ஸ் முவாசோன், பிரான்சிசு டுப்ளியே ஆகிய அவ்விருவர் எடுத்த முடிசூட்டு ஊர்வலக் காட்சி இன்றும் உள்ளது. விழாவின் தொடர்ச்சியாகக் கொடின்கா திடலில் மக்களுக்குப் பரிசுப் பொருள் வழங்கப்பட்டபோது ஏற்பட்ட நெரிசலில் ஆயிரத்து முந்நூற்றுக்கும் மேற்பட்டோர் மிதியுண்டு மாண்டனர். அந்நெரிசலையும் தாங்கள் படம் எடுத்ததாகவும், காவலர் கருவியைக் கைப்பற்றிக்கொண்டதாகவும் டுப்ளியே பிற்காலத்தில் கூறினார். அப்படம் எவர் கண்ணிலும் பட்டதில்லை. எது படமாகலாம், எது படமாகலாகாது என்னும் வரையறை இக்கலையின் இரண்டாம் ஆண்டிலேயே காவலர் கையால் எழுதப்பட்டுவிட்டது.

இங்கிலாந்தில் 1897 சூன் 22 அன்று நடைபெற்ற விக்டோரியா அரசியின் வைரவிழா ஊர்வலத்தைப் பல நிறுவனங்கள் வழிநெடுகப் பெட்டிகளை நிறுத்திப் பதிவு செய்தன. பேரரசின் நாடுகள் பலவற்றிலிருந்தும் வந்த படைப்பிரிவினர் அதில் நடந்தனர். நான்காண்டுகளுக்குப் பின் அதே அரசியின் இறுதி ஊர்வலம். அதனைப் படம் எடுத்த செசில் ஹெப்வொர்த் தம் தன்வரலாற்றில் ஒரு செய்தியைக் குறித்துள்ளார். ஊரே அடங்கிக் கிடந்த அந்த அமைதியில் தம் பெட்டியைச் சுழற்றத் தொடங்கியதும் அதன் இரைச்சல் கேட்டுத் தாம் நாணிப் போனதாகவும், அவ்வொலியால் கவனம் ஈர்க்கப்பட்ட புதிய அரசர் ஏழாம் எட்வர்டு ஊர்வலத்தைச் சற்றே நிறுத்தியதாகவும் அவர் எழுதுகிறார். வருங்காலத்தார்க்கு ஒரு பதிவு கிடைக்கட்டும் என்றே அரசர் அவ்வாறு செய்தார் என்பது அவர் நம்பிக்கை. நம்பிக்கை மெய்யோ மிகையோ, அரசும் படப்பெட்டியும் ஒன்றையொன்று தெரிந்துகொண்ட கணம் அது எனலாம். சடங்கைப் பார்க்க வந்த கருவிக்காகச் சடங்கு தன் நடையை மாற்றத் தொடங்கிற்று.

இந்தியாவில் இக்கலை தொடங்கிய விதம் வேறு. ‘சாவே தாதா’ என்று அழைக்கப்பெற்ற எச்.எஸ். பட்வடேகர், 1901ஆம் ஆண்டு பம்பாயில் எடுத்த படம் ஒன்று உண்டு. கேம்பிரிட்சு பல்கலைக்கழகக் கணிதத் தேர்வில் முதன்மை பெற்றுத் தாயகம் திரும்பிய ஆர்.பி. பராஞ்சபேக்கு அளிக்கப்பட்ட வரவேற்பே அதன் பொருள். இந்தியரால் எடுக்கப்பட்ட முதற் செய்திப்படம் என்று வரலாற்றாசிரியர் இதனைக் குறிப்பர். படைத்தலைவனுக்கோ ஆளுநருக்கோ அன்றிக் கற்றவன் ஒருவனுக்கு எடுத்த உலாவாக அது அமைந்தது. புலவர் அவையில் இச்செய்தியைச் சற்று அழுத்திச் சொல்வதில் தவறில்லை. ஆயின் அடுத்த ஈராண்டுக்குள் பட்வடேகரும் தில்லிக்குச் செல்ல வேண்டியதாயிற்று. 1903 சனவரி முதல் நாள் கர்சன் பிரபு நடத்திய தர்பாரை அவரும் படமாக்கினார். கல்கத்தாவிலிருந்து ஈராலால் சென்னும் படமாக்கினார். ஏழாம் எட்வர்டு நேரில் வாராத அவ்விழாவில் யானைகள் மீது ஊர்வலம் வந்த கர்சனே அரசர்போல் விளங்கினார்.

எட்டாண்டு கழித்து அடுத்த தர்பார். இவ்வுரையின் நடுப்பொருள் அதுவே.

1911 சூன் 22 அன்று இலண்டனில் ஐந்தாம் சார்சு முடிசூடினார். அதற்கு ஐந்து நாள் முன்பு, சூன் 17 அன்று, மணியாச்சி தொடர்வண்டி நிலையத்தில் ஆட்சித்தலைவர் ஆசு சுடப்பட்டார். வாஞ்சிநாதனின் சட்டைப் பையிலிருந்து எடுக்கப்பட்ட கடிதம் அம்முடிசூட்டைப் பெயர் சொல்லியே எதிர்த்தது. இதே சார்சு இளவரசராக 1905-06இல் இந்தியாவிற்கு வந்தபோது, பாரதத் தாய் அவருக்கு நல்வரவு கூறுவதாகப் பாரதி ஒரு பாடல் இயற்றினார் என்பதையும் கவிஞர் பெருமக்கள் அறிவர். நல்வரவு பாடிய பாரதி 1911இல் புதுச்சேரியில் அடைக்கலம் புகுந்திருந்தார். ஐந்தாண்டுக்குள் தமிழ்நாட்டின் மனம் எவ்வளவு தொலைவு நடந்துவிட்டது என்பதற்கு இவ்விரு செய்திகளே போதும். அத்தகைய காலத்திலேதான், ஆட்சியிலிருந்த பிரித்தானிய அரசர் முதன்முறையாக நேரில் இந்தியா வந்து தர்பார் கூட்டினார். அச்சம் இருந்தமையால் ஆடம்பரம் கூடிற்று என்று கருத இடமுண்டு.

பிரித்தானிய முடியணிகளை நாட்டை விட்டு வெளியே கொண்டு செல்ல இயலாது என்பதால், இவ்விழாவுக்கென்றே புதிய மணிமுடி ஒன்று செய்யப்பட்டது. ஆறாயிரத்துக்கும் மேற்பட்ட வைரங்கள் பதித்த அம்முடியின் விலை 60,000 பவுன். அத்தொகை இந்திய வருவாயிலிருந்தே எடுக்கப்பட்டது. மூன்றரை மணி நேரம் அதைச் சுமந்த அரசர், தலை வலித்ததாகத் தம் நாட்குறிப்பில் எழுதிக்கொண்டார். அதைச் செய்யப் பணம் கொடுத்தவர்களுக்கு ஏற்பட்ட வலியை எழுத நாட்குறிப்பு இல்லை.

டிசம்பர் 7 அன்று அரசர் தில்லிக்குள் நுழைந்தபோது நேர்ந்தது வேடிக்கையானது. கர்சனைப்போல யானை மீது வாராமல், படைத்தலைவர் பலரோடு தாமும் ஒருவராகக் குதிரை மீது வந்தார். தலையில் வெயில் தொப்பி. வழிநெடுகக் காத்திருந்த மக்களுள் பலர் அரசர் யாரென்று அறியாமலே அவரைக் கடந்து போகவிட்டனர். உலாப் பாடிய எந்தப் புலவனும் இப்பிழையைச் செய்திருக்க மாட்டான். பாட்டுடைத் தலைவன் பவனி வரும்போது ஊர்தியும் குடையும் கொடியும் மாலையும் முதலில் சொல்லப்படுவது அணிநலத்துக்காக மட்டும் அன்று. தெருக்கோடியில் நிற்பவர்க்கும் இன்னார் என்று அடையாளம் தெரிவதற்காகவுமே.

இவ்விழாவைப் படமாக்கப் பார்க்கர், கோமோன், பாத்தே, வார்விக் முதலிய நிறுவனங்களின் பெட்டிகள் தில்லியில் குவிந்தன. அவை எடுத்தவை கருப்பு வெள்ளைப் படங்கள். ஒரே ஒருவர் மட்டும் வண்ணத்தில் எடுக்க வந்தார். அமெரிக்காவில் பிறந்து இலண்டனில் தொழில் நடத்திய சார்ல்ஸ் அர்பன் என்பவர் அவர். அவர் கையாண்ட முறைக்குக் கினிமாகலர் என்று பெயர். சார்சு ஆல்பர்ட் ஸ்மித் அதனைக் கண்டறிந்து 1906இல் காப்புரிமை பெற்றார். 1909 முதல் அது பொதுமக்களுக்குக் காட்டப்பட்டது.

அம்முறையின் இயக்கத்தைச் சற்று விரித்துரைப்பது பின்வரும் செய்திகளுக்குத் துணையாகும். படச்சுருள் கருப்பு வெள்ளையே. வில்லையின் முன்னே சிவப்பும் பச்சையுமாகிய இரு கண்ணாடித் தகடுகள் பதித்த வட்டு ஒன்று சுழலும். ஒரு படம் சிவப்பு வழியாகவும் அடுத்த படம் பச்சை வழியாகவும் மாறி மாறிப் பதிவாகும். திரையிடும்போதும் அதே வண்ண வட்டு சுழல, பார்ப்பவர் கண் இரண்டையும் இணைத்துக்கொள்ளும். மற்றப் படங்கள் நொடிக்குப் பதினாறளவில் ஓடிய காலத்தில் இதற்கு முப்பத்திரண்டு படங்கள் வேண்டியிருந்தன. வண்ணத் தகடுகள் ஒளியைக் குடித்துவிடுவதால் கடும் வெயிலும் வேண்டியிருந்தது. இலண்டன் மூட்டத்தில் இடர்ப்பட்ட அர்பனுக்குத் தில்லியின் மார்கழி வெயில் வரமாய் அமைந்தது. செங்கோட்டையின் சிவப்பும் படைவீரர் மேலங்கியின் சிவப்பும் மரங்களின் பசுமையும் அவர் கருவிக்கு உகந்த நிறங்கள்.

ஆனால் குறையும் உண்டு. சிவப்புப் படமும் பச்சைப் படமும் ஒரே கணத்தில் எடுக்கப்பட்டவை அல்ல. ஒன்றன் பின் ஒன்றாக எடுக்கப்பட்டவை. ஆகவே விரைந்து ஓடும் பொருள் இரண்டிலும் ஒரே இடத்தில் இராது. பாயும் குதிரையின் காலைச் சுற்றிச் சிவப்பு ஒரு பக்கமும் பச்சை ஒரு பக்கமுமாக விளிம்பு கட்டும். அசையாதிருக்கும் அரியணை தெளிவாக விளங்கும். தொலைவில் மெல்ல நடக்கும் காலாட்படையும் ஏறத்தாழத் தெளிவாகும். அருகில் பாய்ந்து செல்லும் குதிரைப்படை நிறம் சிதறும். நிலைபெற்றதை மட்டுமே செம்மையாய்க் காட்டக்கூடிய கருவி ஒன்று, தன் ஆட்சி நிலைபெற்றது என்று காட்ட விரும்பிய பேரரசின் கைக்குக் கிடைத்தது.

போட்டி நிறுவனத்தார் தம் சுருள்களைக் கெடுத்துவிடக்கூடும் என்று அர்பன் அஞ்சினார். நாள்தோறும் எடுத்தவற்றை இரவிலேயே துலக்கி, கூடாரத்தின் அடியில் மணலில் புதைத்து வைத்துக் காத்ததாக அவர் தம் நினைவுக் குறிப்பில் கூறுகிறார்.

டிசம்பர் 12 அன்று தர்பார் நடைபெற்றது. சிற்றரசர் ஒவ்வொருவராய் வந்து வணங்கினர். பரோடா மன்னர் மூன்றாம் சாயாசிராவ் கெயிக்வாட் வந்தபோது எதிர்பாராதது ஒன்று நிகழ்ந்தது. முழு அணிகலன் பூணாமல், கையில் ஒரு கைத்தடியோடு வந்த அவர், மற்றவர்போல் பலமுறை தாழாமல் ஒருமுறை தலை தாழ்த்திவிட்டு, அரசருக்கு முதுகு காட்டித் திரும்பி நடந்தார். முதுகு காட்டாமல் பின்னோக்கி நடந்து விலகுவதே வகுத்த முறை. இங்கிலாந்து இதழ்கள் கொதித்தெழுந்தன. தாம் தடுமாறிப் போனதாக அவர் அரசப் பிரதிநிதிக்குக் கடிதம் எழுதினார். தடுமாற்றமா, தன்மானமா என்னும் வழக்கு இன்றுவரை முடியவில்லை. இவ்வழக்கில் படச்சுருளே சான்று என்பதுதான் இங்குக் கருதத்தக்கது. அக்காட்சி படத்தில் பதிவாகி இங்கிலாந்தின் கொட்டகைகளில் ஓடிற்று; இன்றும் கிடைக்கிறது. எத்தனைமுறை ஓட்டிப் பார்த்தாலும் ஒரு மனிதர் வருகிறார், குனிகிறார், திரும்புகிறார், போகிறார் என்பதற்கு மேல் அது எதுவும் சொல்வதில்லை. உள்ளக்கருத்தைச் சொல்லும் ஆற்றல் அதற்கு இல்லை. பாட்டில் ஒரு சொல் போதும், மெய்ப்பாடு வெளிப்பட்டுவிடும்.

அன்றைய விழாவின் முடிவில் அரசர் தாமே எழுந்து இரு செய்திகளை அறிவித்தார். தலைநகர் கல்கத்தாவிலிருந்து தில்லிக்கு மாறும் என்பது ஒன்று. வங்கப் பிரிவினை நீக்கப்படும் என்பது மற்றொன்று. அதுவரை மறைவாய்க் காக்கப்பட்ட அச்செய்திகள் கேட்டோரைத் திகைக்க வைத்தன. படத்தில் அவ்வறிவிப்பு இல்லை. இருக்கவும் இயலாது, அது ஊமைப்படம். முடியும் அங்கியும் குடையும் கவரியும் பதிந்தன. வரலாற்றை மாற்றிய சொல் காற்றோடு போயிற்று. அச்சொல்லைக் காத்தது அச்செழுத்தே.

அடுத்த இரண்டாம் நாள், டிசம்பர் 14 அன்று, படை பார்வையிடல். ஏறத்தாழ 50,000 வீரர் அணிவகுத்தனர். ஆங்கிலேயரும் இந்தியருமாகக் காலாட்படையினரும் குதிரைப்படையினரும் பீரங்கிப்படையினரும் அரசரைக் கடந்து சென்றனர். இதனையும் அர்பனின் வண்ணப் பெட்டிகள் பதிவு செய்தன.

1912 பிப்ரவரி 2 அன்று இலண்டன் ஸ்காலா அரங்கில் ‘நம் அரசரும் அரசியும் இந்தியாவினூடே’ என்னும் பொருள்படும் தலைப்பில் இப்படங்கள் திரையிடப்பட்டன. போட்டியாளரின் கருப்பு வெள்ளைப் படங்கள் ஒரு மாதத்துக்கு முன்பே அந்நகரில் ஓடத் தொடங்கியிருந்தும் மக்கள் இதற்குத் திரண்டனர். அரங்கின் மேடை தாசுமகால் வடிவில் ஒப்பனை செய்யப்பட்டது. இசைக்குழுவும் பாடகர் குழுவும் முரசும் குழலும் உடன் முழங்கின. சில நிமிடத் துணுக்குப் படங்களே வழக்கமாயிருந்த காலத்தில் இக்காட்சி ஏறத்தாழ இரண்டரை மணி நேரம் நடந்தது. மே திங்களில் அரசரும் அரசியுமே வந்து பார்த்தனர். தம்மைப் பற்றிய மெய்க்கீர்த்தியைத் தாமே அமர்ந்து கேட்கும் அரசவை வழக்கம் தமிழ்ப் புலவர்க்குப் புதிதன்று. பரிசில் மட்டும் இங்கே நுழைவுக் கட்டணமாக மக்களிடமிருந்து வந்தது.

இப்படத்தையும் உலாவையும் அடுத்தடுத்து வைத்துப் பார்க்க வேண்டும். உலா பாடிய புலவன் தலைவனின் பவனியைச் சொல்லிவிட்டு, உடனே தெருவில் நிற்பவரிடம் திரும்பிவிடுகிறான். பேதை முதல் பேரிளம்பெண் ஈறாக ஏழு பருவத்து மகளிரும் எவ்வாறு பார்த்தனர், எவ்வாறு மெலிந்தனர் என்பதே உலாவின் பெரும்பகுதி. அது மிகைதான், அரசனைப் புகழும் உத்திதான், பெண்டிரை மயங்கி நிற்பவராக மட்டும் காட்டும் குறையும் அதில் உண்டு. ஆயினும் பார்ப்பவர்க்கு முகம் உண்டு, அகவை உண்டு, வாய்மொழி உண்டு. தர்பார்ப் படத்திலோ பார்ப்பவர் திரள் ஒரு மதில்போல் பின்னே நிற்கிறது. படப்பெட்டி வழியில் கடப்பவரைப் பார்க்கிறது. வழியோரத்தில் நிற்பவரைப் பார்ப்பதில்லை. ஆயிரமாயிரம் தில்லி மக்கள் அப்படங்களுள் உள்ளனர். ஒருவர்கூட இல்லை என்று சொன்னாலும் பொருந்தும்.

பரணியோடு ஒப்பிட்டால் வேறுபாடு இன்னும் கூர்மையாகும். கலிங்கத்துப்பரணி வெற்றியைப் பாடுவதுதான். எனினும் போர்க்களத்தைப் பேய்கள் வாயிலாகக் காட்டுகிறது. பிணங்களைக் கொண்டு கூழ் அடும் களத்தைக் காட்டுகிறது. படை என்றால் சாவு என்பதை அந்நூல் ஒருகணமும் மறைக்கவில்லை. அணிவகுப்புப் படமோ படையைச் சாவினின்று பிரித்து, நடையாகவும் நிறமாகவும் மட்டும் காட்டுகிறது. படம் எடுக்கப்பட்டு மூன்றாண்டு நிறையுமுன் 1914இல் உலகப்போர் மூண்டது. ஏறத்தாழ 13 இலட்சம் இந்தியர் அப்போரில் பணியாற்றினர். ஏறத்தாழ 74,000 பேர் மாண்டனர். பிரான்சின் சேற்றிலும் மெசபத்தோமியாவின் வெயிலிலும் விழுந்தவருள் எத்தனை பேர் அன்று தில்லித் திடலில் கழுத்தைத் திருப்பி அரசருக்கு வணக்கம் செலுத்தியவர் என்பதைப் படம் சொல்லாது. வீரர் எவருக்கும் அதில் பெயர் இல்லை. தமிழ்நாட்டில் ஊர் ஓரத்து நடுகல்லிலும் வீழ்ந்தவன் பெயரும் ஊரும் பொறிக்கப்பட்டிருக்கும்.

அப்படியாயின் இத்தகைய படங்களைப் பேரரசின் விளம்பரம் என்று ஒதுக்கிவிடலாமா? அவ்வாறு ஒதுக்குவோர் உண்டு. அவர் கூற்றில் நியாயமும் உண்டு. ஆனால் மெய்க்கீர்த்தியை வரலாற்றாசிரியர் ஒதுக்கவில்லை என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும். புகழ்மொழியைப் புகழ்மொழி என்று அறிந்தே படித்தனர். அதன் கீழே வரும் நிலத்தின் எல்லை, வரியின் பெயர், ஊரவையார் கையெழுத்து ஆகியவற்றைக் கொண்டு ஒரு காலத்தின் வாழ்வையே மீட்டெடுத்தனர். படச்சுருளுக்கும் அத்தகைய அடிப்பகுதி உண்டு. அதன் ஓரங்களில் நிற்கும் ஏவலர், உடையின் தையல், குதிரையின் சேணம், மண்ணின் தன்மை, பெட்டியை நோக்கி ஒருகணம் திரும்பிவிட்டு மீண்டும் முன்னோக்கும் முகம் ஆகியவை எவரும் காட்ட விரும்பிக் காட்டியவை அல்ல. இவற்றைப் படிக்கும் பயிற்சி தமிழில் கல்வெட்டுப் படித்தவர்க்கு எளிதில் கைவரும்.

ஒதுக்கலாகாது என்பதற்கு வேறொரு காரணமும் உண்டு, அது துயரமானது. ஈராலால் சென் 1905 செப்டம்பர் 22 அன்று கல்கத்தா நகர மண்டபத்தில் நடைபெற்ற வங்கப் பிரிவினை எதிர்ப்புக் கூட்டத்தைப் படமாக்கினார். இந்தியாவின் முதல் அரசியல் படம் என்று அது போற்றப்படுகிறது. 1911இல் அப்பிரிவினை நீங்கியதாக அறிவித்த தர்பாரையும் அவரே படமாக்கினார். எதிர்த்த மக்களையும் இணங்கிய அரசரையும் ஒரே இந்தியக் கண் பார்த்திருக்கிறது. இரண்டையும் அடுத்தடுத்து ஓட்டிக் காணும் பேறு வாய்த்திருந்தால், இந்திய ஆவணப்பட வரலாறே வேறு வகையாய் எழுதப்பட்டிருக்கும். 1917இல் நேர்ந்த தீவிபத்தில் அவர் படங்கள் எரிந்தன. அக்காலப் படச்சுருள் நைட்ரேட்டால் ஆனது. பொறி பட்டால் போதும், நீரிலும் அணையாது எரியும். அவரும் அவ்வாண்டிலேயே மறைந்தார்.

தமிழ்நாட்டு நிலையும் இதனின் வேறன்று. தென்னாட்டின் முதல் கதைப்படமாகிய ‘கீசக வத’த்தை 1910களின் பிற்பகுதியில் சென்னையில் எடுத்த ஆர். நடராச முதலியார், புனேயில் ஸ்டூவர்ட் ஸ்மித் என்னும் ஆங்கில ஒளிப்பதிவாளரிடம் தொழில் கற்றார். கர்சன் பிரபுவைப் பற்றிய ஆவணப்படத்தில் பணியாற்றியவர் அந்த ஸ்மித் என்பர். அரசப் பிரதிநிதியைப் படம் எடுத்த கையிலிருந்து பாரதக் கதையைப் படம் எடுக்கும் கைக்குத் தொழில் மாறி வந்த வரலாறு இது. சாற்றாற்றைப் போல ஆளுவோரின் விழாவுக்கென வந்த கருவி, சில ஆண்டுகளுக்குள் திரௌபதியின் துயரைச் சொல்லப் பழகிற்று. ‘கீசக வத’மும் இன்று இல்லை. ஒரு துண்டும் எஞ்சவில்லை.

அர்பனின் படமும் தப்பவில்லை என்பதைச் சொல்லியாக வேண்டும். கினிமாகலரின் காப்புரிமையை எதிர்த்து இலண்டனில் வழக்கு எழுந்தது. இயற்கை வண்ணங்களைக் காட்டுவதாகக் கூறிக்கொண்ட அம்முறை, சிவப்பும் பச்சையும் மட்டும் கொண்டு நீல நிறத்தை உண்மையாகக் காட்ட இயலாது என்பதே எதிர்ப்பின் உயிர்நாடி. 1914இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் காப்புரிமையைச் செல்லாததாக்கிற்று. அடுத்த ஆண்டு பிரபுக்கள் அவையும் அதனை உறுதி செய்தது. பேரரசின் மாட்சியை உள்ளவாறே காட்டியதாகப் புகழப்பட்ட படத்தில் தில்லியின் வானம் உள்ளவாறு இல்லை என்று அப்பேரரசின் நீதிமன்றமே தீர்ப்பு எழுதியது. நிறுவனம் நலிந்தது. இரண்டரை மணி நேரக் காட்சியாய் விரிந்த சுருள்கள் சிதறி மறைந்தன.

பல்லாண்டுகள் அப்படம் முற்றிலும் அழிந்ததாகவே கருதப்பட்டது. 2000ஆம் ஆண்டில் மாசுகோவை அடுத்த கிராசுனகோர்சுக் நகரிலுள்ள உருசிய ஆவணப்படக் காப்பகத்தில் அதன் சுருள் ஒன்று அடையாளம் காணப்பட்டது. அரியணையோ மணிமுடியோ சிற்றரசர் வணக்கமோ அதில் இல்லை. டிசம்பர் 14 அன்று நடந்த படை பார்வையிடலே அதில் உள்ளது. விழாவின் முதன்மைப் பகுதி போய், பெயரறியா வீரரின் நடை எஞ்சியது. அச்சுருளைக் கையில் எடுத்து ஒளிக்கு நேரே பிடித்தால் வண்ணம் ஏதும் தெரியாது. அடுத்தடுத்த இரு படங்களில் ஒரே வீரனின் மேலங்கி ஒன்றில் வெளிறியும் மற்றொன்றில் கறுத்தும் இருப்பது மட்டுமே தெரியும். வண்ண வட்டுப் பொருத்திய அக்காலக் கருவிகள் வழக்கொழிந்துவிட்டமையால், கணிப்பொறியின் துணைகொண்டு சிவப்புக்குரிய படத்தையும் பச்சைக்குரிய படத்தையும் இணைத்து இத்தகைய சுருள்களின் நிறத்தை இன்று மீட்கின்றனர். அவ்வாறு மீட்கும்போதும் விரைந்து செல்லும் குதிரையின் கால்கள் பொருந்துவதில்லை. ஒரு கால் சிவப்பாகவும் மறுகால் பச்சையாகவும் பிரிந்தே ஓடுகின்றன.